ஒன்பது கிராம்

ஓக்லண்டின் பென்ரோஸில் ஒரு பெரிய கிடங்கில், வாடிக்கையாளர்கள் திருப்பி அனுப்பும் சாமான்களைச் சோதிப்பது என் வேலை. பதினாறு வருடமாகச் செய்கிறேன். 'பெட்டியைத் திறக்கவேயில்லை' என்று எழுதி அனுப்பியிருப்பார்கள். திறந்து பார்த்தால் உள்ளே அரைச் செங்கல் இருக்கும். 'ஒரு நாள்கூடப் போடவில்லை' என்று சொல்லி வரும் சப்பாத்தின் அடியில் பீஹா கடற்கரை மணல் ஒட்டியிருக்கும். எடை போட்டுப் பார், கீறலைப் பார், ஒட்டுநாடாவைப் பார், ஆள் சொல்வதைக் கடைசியாகப் பார் என்பதுதான் நான் புதிதாக வருபவர்களுக்குச் சொல்லிக் கொடுப்பது. இப்படிப் பதினாறு வருடம் இருந்தவன் யாரையாவது சுலபத்தில் நம்புவான் என்று எதிர்பார்க்காதீர்கள்.

ஆனாலும் ஒருவனை நம்பினேன். கிளறன்ஸ். மன்னார்க்காரன், அதே கிடங்கில் ஃபோர்க்லிஃப்ட் ஓட்டுகிறான். பதினாலு வருடப் பழக்கம். தேவாலயத்தில் அவனுடைய மகளின் முதல் நன்மைக்கு நான் போனேன், என் மகள் கஜானியின் சாமத்தியச் சடங்கில் பந்தி பரிமாறியது அவன். உறவு இல்லை, ஆனால் மச்சான் என்றுதான் கூப்பிட்டுக்கொள்வோம்.

சுய்வான் என்ற சீன ஆட்டத்துக்கு என்னை இழுத்துக்கொண்டு போனவனும் அவன்தான். பாட்டனி டவுன்ஸ் பக்கம் ஒரு பூங்காவில் சனிக்கிழமை காலையில் சீனர்கள் சிலர் கோலால் மரப்பந்தை அடித்துக் குழிக்குள் விழுத்துவதை அவன் பார்த்திருக்கிறான். பார்த்தால் கோல்ஃப் மாதிரித்தான் இருக்கும். அந்தப் பேச்சை எடுத்தால் லியாங்குக்கு முகம் கறுத்துவிடும். லியாங் எழுபது வயதுக்காரர், மரவேலை படிப்பித்து ஓய்வு பெற்றவர். கோல்ஃப் என்ற பெயரே இல்லாத காலத்தில், ஆயிரம் வருடத்துக்கு முன்பு, சீன அரசர்கள் ஆடிய ஆட்டம் இது என்பார். மரத்தின் கணுமுடிச்சில் பந்துகளை அவரே கடைந்து தருவார். எண்ணெயோ வார்னிஷோ பூச மாட்டார், வெறும் மரமாகத்தான் இருக்கும். எங்கள் எல்லோருக்கும் ஒரே கட்டையில் செய்த பந்துகள். நான் ஒன்று வாங்கினேன். கிளறன்ஸ் இரண்டு வாங்கினான். அது அப்போதே என் மனதில் பதிந்தது.

ஆட்டம் எளிது. ஒரு சின்னச் சதுரத்துக்குள் பந்தை வைத்து அடிக்க வேண்டும். கொடி நட்ட குழிக்குள் மூன்று தரம் அடிப்பதற்குள் விழுத்தினால் மற்றவர்களிடமிருந்து மூங்கில் சீட்டுகள் கிடைக்கும். கடினமானது ஆட்டமில்லை, ஒழுங்குதான். நிலம் எந்தப் பக்கம் சரிகிறது என்று மற்றவனுக்குச் சொல்லக் கூடாது. தோற்றால் முகத்தைத் தொங்கப் போடக் கூடாது. மற்றவனின் பந்தைத் தொடவே கூடாது. ஒவ்வொருவர் பெயரையும் லியாங் ஒரு மூங்கில் பட்டையில் தூரிகையால் எழுதி, இரண்டு மரங்களுக்கிடையே கட்டிய கயிற்றில் தொங்கவிட்டிருப்பார். பந்தை மாற்றியவன் என்று தெரிந்தால் அவனுடைய பட்டை கயிற்றிலிருந்து இறங்கும். இறங்கினால் பிறகு ஏறாது. அதை முதல் நாளே சொல்லித்தான் எங்களைச் சேர்த்தார்.

நவம்பரில் ஹமில்டனிலிருந்து ஒரு குழு விளையாட வருவதாக இருந்தது. எங்கள் பக்கத்தில் நாலு பேர் வேண்டும். மூன்று பேரை லியாங் சொல்லிவிட்டார். நாலாவது ஆள் நானா கிளறன்ஸா என்பதை ஒக்டோபர் முதல் சனிக்கிழமை ஆட்டம் முடிவு செய்யும் என்றார். சிரிக்காதீர்கள், எனக்கு அந்த இடம் வேண்டியிருந்தது. இந்த நாட்டுக்கு வந்து ஒரு தெரிவில்கூட என் பெயர் வந்ததில்லை. கிளறன்ஸும் அதையே விரும்பினான். விரும்புகிறான் என்று தெரிந்த நாளிலிருந்துதான் அவனை நான் வேறு கண்ணால் பார்க்கத் தொடங்கினேன்.

அந்தக் கிழமை எனக்குப் பின்னேர ஷிஃப்ட். போதாக்குறைக்கு ஒவ்வொரு வசந்தத்திலும் வரும் சளிக்காய்ச்சல். ஓக்லண்டில் பூ பூக்கத் தொடங்கினால் என் மூக்கு அடைத்துவிடும், கறி தீய்ந்தாலும் தெரியாது. புதன்கிழமை வீட்டில் சரஸ்வதி பூசை. நான் வேலை முடிந்து வந்தபோது எல்லாம் முடிந்து, அவலும் கடலையும் எனக்கென்று மூடி வைத்திருந்தது. சாப்பிட்டேன், படுத்தேன். வெள்ளிக்கிழமை காலையில் மனைவி வசந்தமலர் தேத்தண்ணியை வைத்துவிட்டுச் சொன்னாள்:

"கிளறன்ஸ் அண்ணை நேற்று வேலை முடிஞ்சு வந்தவர். நீங்கள் இல்லை. உங்கட விளையாட்டுப் பையை ஏத்திக்கொண்டு போட்டார்."

"ஏன் ஏத்தினவன்?"

"உங்கட கோலின்ர பிடி கழண்டு கிடக்காம். சுத்தித் தாறன் எண்டு சொன்னவர்."

"பந்தும் பைக்குள்ள தானே?"

"ஓம். நான்தான் வச்சனான்."

அவள் ஏதோ சிரித்த மாதிரி இருந்தது. நான் அதைப் பொருட்படுத்தவில்லை. என் மூளை முழுக்க ஒரே கணக்கில் இருந்தது. வியாழன் பின்னேரத்திலிருந்து சனி காலை வரை என் பந்து கிளறன்ஸின் வானுக்குள். போட்டிக்கு முதல் நாள். அவனிடம் இரண்டு பந்து.

சனிக்கிழமை காலையில் வழக்கம்போல ஏவன்டேலில் இருக்கும் தன் வீட்டிலிருந்து வந்து, மவுண்ட் ரோஸ்கில்லில் எங்கள் வீட்டு வாசலில் என்னை ஏற்றினான். சனிக்கிழமைகளில் காரை கஜானி கொண்டு போய்விடுவாள், அதனால் எப்போதும் அவனுடைய வான்தான். வழி முழுக்கக் கதைத்துக்கொண்டு வந்தான். கோலின் பிடியில் நீல நாடா வடிவாகச் சுற்றியிருந்தது. "எப்பிடி, கையில நிக்குதா?" என்று கேட்டான். நிற்குது என்றேன். இவ்வளவு கரிசனம் எதற்கு என்று மனதுக்குள் ஓடியது.

முதல் குழியிலேயே தெரிந்துவிட்டது. நான் அடிக்கும் அடி எனக்குத் தெரியும். கொடியைத் தாண்டிப் போக வேண்டிய பந்து, இரண்டு எட்டுக்கு முன்னால் நின்றது. இரண்டாவது குழியிலும் அப்படியே. பந்தைக் கையில் எடுத்துப் பார்த்தேன். நிறம் கொஞ்சம் கறுத்திருந்தது. மழை பெய்த புல், அது இருக்கட்டும். ஆனால் என் பந்தில் பேனாக்கத்தியால் நான் போட்ட ஒரு கீறல் உண்டு, வேறு யாருக்கும் தெரியாது. திருப்பித் திருப்பிப் பார்த்தேன். கீறலைக் காணவில்லை.

என் பையில் ஒரு சின்ன டிஜிட்டல் தராசு எப்போதும் இருக்கும். ஏன் இருக்கும் என்று கேட்டால் பதில் சொல்ல வெட்கமாக இருக்கிறது. குளிர்காலத்திலிருந்து இருக்கிறது. என் பந்து நூற்றிப் பதினாலு கிராம். புல்லில் முழங்காலிட்டு, பந்தைத் துடைத்து, தராசில் வைத்தேன். நூற்றி இருபத்திமூன்று காட்டியது.

ஒன்பது கிராம். என் வேலையில் ஒன்பது கிராம் வித்தியாசம் இருந்தால் பெட்டியை மூட மாட்டோம்.

இதைக் கிளறன்ஸிடம் தனியாகக் கேட்டிருக்கலாம். அவன் நாலடி தள்ளித்தான் நின்றான். 'மச்சான், பந்துக்கு என்ன நடந்தது' என்று தமிழில் ஒரு வார்த்தை கேட்டிருந்தால் அங்கே ஒருவருக்கும் விளங்கியிருக்காது. நான் எழுந்து நின்று, எல்லோருக்கும் விளங்க வேண்டும் என்று இங்கிலீஷில் சொன்னேன். இது என் பந்து இல்லை, இரண்டு நாள் இது கிளறன்ஸின் வானில் இருந்தது, அவனிடம் இரண்டாவது பந்து ஒன்று இருக்கிறது.

ஆட்டம் நின்றது. லியாங் வந்து பந்தை வாங்கி வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தார்.

"நான் கடைந்த பந்துதான்," என்றார். "ஆனால் நான் கடைந்த பன்னிரண்டு பந்தும் ஒரே கட்டை. யாருடையது என்று என்னால் சொல்ல முடியாது."

பிறகு கிளறன்ஸைப் பார்த்தார். கிளறன்ஸ் கையை நீட்டிப் பந்தை வாங்கினான். விரலால் தடவினான். மூக்கருகே கொண்டு போனான். அதை நான் நன்றாகப் பார்த்தேன். அப்போது அவன் முகம் மாறியது. பிடிபட்டவன் முகம் அப்படித்தான் மாறும் என்று நினைத்தேன்.

"கேதீஸ்," என்றான் தமிழில், "வடிவாப் பாத்தனியோ?"

"பாத்தனான்."

"அந்தத் தராசை எப்ப தொடக்கம் கொண்டு திரியிறாய்?"

"அது இப்ப முக்கியமில்லை. ரெண்டாவது பந்து எங்க?"

"வீட்டில."

"வீட்டில இருக்கோ, உன்ர கையில இருக்கோ?"

அவன் பந்தை என் கையில் வைத்தான். லியாங் இங்கிலீஷில் நேராகவே கேட்டார், பந்தை மாற்றினாயா என்று. "அவன் சொல்லிவிட்டான். அது போதும்," என்றான் கிளறன்ஸ். கயிற்றடிக்குப் போனான். தன் பெயர்ப் பட்டையைத் தானே கழற்றி லியாங்கின் கையில் வைத்தான். வானைத் திறந்து என் குடையை எடுத்து, நனையாத இடமாகப் பார்த்து ஒரு மேசையில் வைத்துவிட்டுப் போனான்.

நாலாவது இடம் எனக்குக் கிடைத்தது. இரண்டு பஸ் மாறி வீடு வந்தேன். பஸ்ஸில் இருந்தபோது எனக்குள் சந்தோசம் இருந்தது, அதை மறைக்க மாட்டேன். கண்டுபிடித்துவிட்டேன் என்ற சந்தோசம்.

வசந்தமலர் வாசலிலேயே நின்றாள்.

"என்னப்பா, பந்து நல்லா ஓடிச்சுதா?"

"ஓடேல்லை. ஏன் கேக்கிறீர்?"

அவள் முகம் சுருங்கியது. "நான் நல்லா ஓடும் எண்டெல்லோ நினைச்சனான். பூசைக்கு வச்சது."

"எதை வச்சது?"

"பந்தையும் கோலையும் தான். கஜானின்ர லாப்டாப், கார்த் திறப்பு எல்லாம் வைக்கேக்க அதையும் வச்சனான். நீங்கள் அந்த இடத்துக்கு எவ்வளவு ஆசைப்பட்டனீங்கள் எண்டு எனக்குத் தெரியாதே? பந்து ஒரே சேறு. மஞ்சள் தண்ணியில ராமுழுக்க ஊற வச்சு, பிறகு பாலால கழுவி, சந்தனம் பூசிப் பொட்டு வச்சனான். விஜயதசமியண்டு எடுத்து, சீனர் பாத்து என்னவோ நினைப்பினம் எண்டு துடைச்சுத்தான் பைக்குள்ள வச்சது."

"ஏன் எனக்குச் சொல்லேல்லை?"

"சொன்னா நீங்கள் பகிடி பண்ணுவீங்கள்."

பண்ணியிருப்பேன்தான். நான் குசினி மேசையில் உட்கார்ந்தேன். ஒரு பல்குத்தியை எடுத்துப் பந்தை விளக்கருகே பிடித்து, அங்குலம் அங்குலமாகத் தேடினேன். ஓரிடத்தில் மரம் மரமாக இல்லை. குத்தியதும் மஞ்சள் தூளாக உதிர்ந்தது. உள்ளே என் கீறல் இருந்தது. காய்ந்த சந்தனம் அதை அடைத்திருந்தது. நீரும் பாலும் குடித்த வெறும் மரம் ஒன்பது கிராம் ஏறியிருந்தது.

"இப்பவும் மணக்குது," என்றாள் வசந்தமலர். "உங்களுக்கு மணக்கேல்லையோ?"

எனக்கு ஒன்றும் மணக்கவில்லை. ஆனால் கிளறன்ஸ் மூக்கருகே கொண்டு போனது நினைவு வந்தது. அவனுக்கு மூக்கு நன்றாகத்தான் இருக்கிறது. என் வீட்டில் எத்தனை பூசைக்குச் சாப்பிட வந்தவன். அவனுக்கு அப்போதே எல்லாம் விளங்கியிருக்கும். சந்தனம் என்று ஒரு வார்த்தை சொல்லியிருந்தால் குற்றம் அவன் தலையிலிருந்து இறங்கியிருக்கும். அவன் சொல்லவில்லை.

ஞாயிற்றுக்கிழமை ஏவன்டேலுக்குப் போனேன். கிளறன்ஸும் அவன் மனைவி டோறினும் தேவாலயத்தில் பூசை கண்டுவிட்டு, சந்தைக்கும் போய், கீரைப் பைகளோடு அப்போதுதான் வந்திருந்தார்கள். டோறின் என்னைப் பார்த்து "வாங்கோ" என்றாள், இருங்கோ என்று சொல்லவில்லை, தன் கையிலிருந்த பைகளோடு உள்ளே போய்விட்டாள். கதவோரத்துச் செருப்புத் தட்டில், பழைய சப்பாத்துகளுக்கு நடுவே, அந்த இரண்டாவது பந்து கிடந்தது. மேலே தூசி, மாதக்கணக்கில் ஒருவரும் தொடாத தூசி. வீட்டுக்காரனின் முகத்தைப் பார்க்க வேண்டிய நேரத்தில் நான் தூசியைத்தான் பார்த்தேன். பார்க்காமல் இருக்க எனக்குத் தெரியாது.

"நான் பிழை விட்டிட்டன்," என்றேன். "பந்தைப் பூசைக்கு வச்சிருக்கிறா. எனக்குத் தெரியாது."

"தெரியும்."

"மணந்து பாத்த உடன விளங்கினது தானே உனக்கு?"

"ஓம். சந்தனம். வசந்தமலர்தான் வச்சிருப்பா எண்டும் விளங்கினது."

"அப்ப ஏன் வாயைத் திறக்கேல்லை? எனக்கு ரெண்டு ஏச்சு ஏசியிருக்கலாமே."

அவன் கீரைக் கட்டைப் பிரித்து அதன் ரப்பர் வளையத்தை விரலில் சுற்றிக்கொண்டிருந்தான். நிமிரவில்லை.

"என்ர பந்து எத்தினை கிராம், கேதீஸ்?"

"நூற்றிப் பத்தொன்பது."

வாயில் வந்த பிறகுதான் என்ன சொன்னேன் என்று எனக்கே தெரிந்தது. குளிர்காலத்தில், ஜூலையில், அவன் பெற்றோல் அடித்துவிட்டுக் காசு கட்ட உள்ளே போன இரண்டு நிமிடத்தில், வானின் பின்பக்கம் போய் அவனுடைய பையைத் திறந்து நிறுத்துப் பார்த்திருந்தேன். மற்றவனின் பந்தைத் தொடக் கூடாது. தொட்டவன் நான். அவன் என் பந்தைத் தொட்டது ஒரே ஒரு தரம், லியாங்கின் கையிலிருந்து, எல்லோர் முன்னாலும்.

கிளறன்ஸ் தலையாட்டினான். "அப்பிடித்தான் இருக்கும் எண்டு நினைச்சன். சந்தனம் எண்டு சொல்லியிருந்தா நேற்று முடிஞ்சிருக்கும். அடுத்த கிழமை வேற எதையாவது நிறுத்திருப்பாய்."

மன்னிச்சுக்கொள் என்றேன். சரி என்றான். அவ்வளவுதான் கதைத்தோம்.

அடுத்த சனிக்கிழமை பஸ்ஸில் முதல் ஆளாகப் போய்ச் சேர்ந்தேன். கிளறன்ஸைத் தவிர எல்லோரும் வந்த பிறகு, குற்றம் சொன்ன அதே இடத்தில் நின்று, அதே இங்கிலீஷில், நடந்ததைச் சொன்னேன். பெற்றோல் செட்டில் அவனுடைய பையைத் திறந்ததையும் சொன்னேன். யாரும் சிரிக்கவில்லை. லியாங் என் பந்தை வாங்கி மணந்து பார்த்தார். கணுவின் ஓரமாக மயிர் அளவுக்கு ஒரு வெடிப்பு விட்டிருந்தது. இனி இதை நிழலில் காய வை, ஆனாலும் பிளக்கும் என்றார். கிளறன்ஸின் பட்டையை மேல்சட்டைப் பையிலிருந்து எடுத்தார். ஒரு கிழமையாக அங்கேதான் வைத்திருந்தாரோ தெரியாது. கயிற்றில் பழைய இடத்தில் மாட்டினார். நாலாவது இடம் அவனுக்கு. என் மூங்கில் சீட்டுகள் அத்தனையும் போயின. என் பட்டையையும் இறக்குவார் என்று காத்திருந்தேன். அவர் அதை எடுத்துக் கயிற்றின் கடைசியில் மாட்டினார். இந்தப் பருவம் முழுக்க எல்லோரும் அடித்த பிறகுதான் நான் அடிக்க வேண்டும். எனக்கு அது பெரிய தயவு.

அன்றைக்கே லியாங் கிளறன்ஸுக்குப் போன் எடுத்துக் கதைத்தார் என்று பிறகு தெரிந்தது. அந்தக் கிழமை முழுக்க அவன் கிடங்கில் வேறு மேசையில் சாப்பிட்டான். இனி இவ்வளவுதான் என்று நினைத்தேன்.

அடுத்த சனிக்கிழமை காலை ஏழரைக்கு, எங்கள் வீட்டு வாசலில் இரண்டு தரம் ஹோர்ன் கேட்டது.

சப்பாத்தின் கயிறுகூடக் கட்டாமல் பையைத் தூக்கிக்கொண்டு ஓடினேன். வான் நின்றது, எஞ்சின் ஓடிக்கொண்டிருந்தது, கிளறன்ஸ் உள்ளே இருந்தான். முகம் வழக்கமான முகம். எனக்கு அழுகை வரும்போல இருந்தது. வழக்கம்போல வானைச் சுற்றிப் போய்ப் பின்கதவின் பிடியில் கை வைத்தேன்.

"பின்னுக்குப் போடாத, கேதீஸ்," என்றான் அவன் யன்னலால் தலையை நீட்டி.

"ஏன்? இடமில்லையோ?"

"இடமிருக்கு. மடியில வச்சுக்கொண்டு இரு. உன்ர கண்ணுக்கு முன்னால இருக்கட்டும்."

கோபமாகச் சொல்லவில்லை. கூட வருகிற ஆளுக்குச் சீட் பெல்ட் போடச் சொல்கிற மாதிரித்தான் சொன்னான். முன்னால் ஏறினேன். அவனுடைய பை அவன் இருக்கைக்குப் பக்கத்தில், கதவோரமாக, கைக்கு எட்டும் இடத்தில் இருந்தது. பாட்டனி டவுன்ஸ் வரை என் பையை மடியில் வைத்துக் கட்டிப்பிடித்துக்கொண்டு போனேன்.